சிறு முதலீட்டுக் காதல் படம்: நெல்லைப் பெண்கள் கொழும்பு செல்லும் கதையை எங்கே எடுப்பது?

கேள்வி (பாளை கதைக்காரன்): பாளையங்கோட்டையில் ஒன்றாகப் படித்த மூன்று தோழிகள், ஒருத்தியின் திருமணத்துக்கு முன்பு இலங்கைக்குச் சென்று வருவதும், அங்கே இன்னொருத்திக்குக் காதல் அரும்புவதுமாக ஒரு திரைக்கதை எழுதியிருக்கிறேன். கையில் பணம் குறைவு என்பதால், இலங்கைக் காட்சிகளை மாஞ்சோலைத் தேயிலைத் தோட்டத்திலேயே எடுத்து ஒப்பேற்றிவிடலாம் என்கிறார் தயாரிப்பாளர். எடுபடுமா?

பதில் (ஒளிப்பதிவு உதவியாளர்): தேயிலைச் சரிவு எடுபடும். ஆனால் மாஞ்சோலை, களக்காடு முண்டந்துறைப் புலிகள் காப்பகப் பகுதி என்பதால் வனத்துறையின் அனுமதிக்கு அலைய வேண்டியிருக்கும். தெருக்காட்சி வந்தாலோ குட்டு வெளிப்பட்டுவிடும். சிங்களம், தமிழ், ஆங்கிலம் என மும்மொழிப் பெயர்ப்பலகைகளையும் சிவப்பு நிற அரசுப் பேருந்துகளையும் இங்கே செட் போட்டுக் காட்டுவதற்கு ஆகும் செலவில், மதுரையிலிருந்து நேரடி விமானத்தில் கொழும்புக்கே போய்விடலாம். அறைக்குள் நடப்பவற்றை எல்லாம் பாளையிலேயே முடித்துக்கொண்டு, வெளிப்புறக் காட்சிகளுக்கு மட்டும் சிறு குழுவாகச் செல்லுங்கள். சுற்றுலா விசாவில் போய்த் திருட்டுத்தனமாகப் படம்பிடிக்க வேண்டாம்; படப்பிடிப்புக்கு உரிய அனுமதியைப் பெறுவதோடு, கேமரா கருவிகளுக்கு ‘ஏடிஏ கார்னே’ என்ற சுங்க ஆவணமும் எடுத்துக்கொண்டால், திரும்பக் கொண்டுவரும் பொருள்களுக்குச் சுங்க வரி கட்ட நேராது.

பதில் (தச்சநல்லூர் வாசகி): அண்ணாச்சி, காதல் ஏன் அங்கே போய் அரும்ப வேண்டும் என்பதற்குக் கதையில் விடை இருக்கிறதா? நம் ஜங்ஷன் பேருந்து நிலையத்தில் ஒரு பையனோடு இரண்டு நிமிடம் நின்று பேசினாலே, “நீ இன்னார் மவதானே?” என்று எங்கிருந்தோ ஓர் ஆச்சி வந்து நின்றுவிடுவார். கொழும்பில் அப்படிக் கேட்க ஆளில்லை. காலிமுகத்திடலில் கடற்காற்றில் முடி கலைய, கை விரலெல்லாம் எண்ணெயாக மூவரும் இறால் வடை தின்னும் காட்சி ஒன்றே அதைச் சொல்லிவிடும். பிறகு, கொழும்பில் தமிழர்கள் மிகுதியாக வாழும் வெள்ளவத்தையில் கடையொன்றில் தமிழ்ப் பேச்சு காதில் விழுந்ததும், அதுவரை உரக்கச் சிரித்தவர்கள் சட்டென்று குரலைத் தாழ்த்துவதாக வையுங்கள், வசனமே வேண்டாம்.

பாளை கதைக்காரன்: நன்றி. கப்பலில் போவதாக மாற்றினால் இன்னும் சிக்கனமாகாதா?

பதில் (தூத்துக்குடிக்காரர்): தூத்துக்குடி–கொழும்புக் கப்பல் 2011இல் தொடங்கிச் சில மாதங்களிலேயே நின்றுபோயிற்று. 2023 அக்டோபரில் தொடங்கிய கப்பல் நாகப்பட்டினத்திலிருந்து யாழ்ப்பாணப் பக்கத்துக் காங்கேசன்துறைக்குச் செல்கிறது. அதில் போனால் தமிழ் பேசும் யாழ்ப்பாணத்தில்தான் கதை தொடங்கும். மேலே அந்தத் தங்கச்சி சொன்ன, கேட்க ஆளில்லாத ஊர் அங்கே கிடைக்காது. பணத்தை விமானச் சீட்டில் போடுங்கள். பாட்டு ஒன்றைக் குறைத்தால் சரிக்கட்டிவிடலாம்.