ஆதிவிசை பேசலாமா, கூடாதா?

செங்கழுநீர்:
நான் எழுதும் கதையின் புனைவுத் தொன்மத்தில் 'அவாய்' என்று ஒரு ஆதிவிசை. தேவர்கள், காலம், திசை எதுவும் இல்லாதபோது இருந்தது ஒரு இழுப்பு மட்டும். அதில் உலகங்கள் திரண்டன. மந்திரவாதிகள் அதை இழுத்துப் பயன்படுத்தலாம், இழுப்புக்கு ஒரு நினைவு விலை. 9 நாள் முற்றுகை, 40 மந்திரவாதிகள், ஆளுக்கு நாளொன்றுக்கு 3 இழுப்பு. 12ஆம் அத்தியாயத்தில் அவாய் நாயகியிடம் நேரில் பேசுகிறது. பேச வைக்கலாமா?

வெற்றிடம்:
வேண்டாங்க. வாயைத் திறந்த நிமிடமே அது இன்னொரு சாமி ஆகிவிடும். சாமியிடம் கெஞ்சலாம், பேரம் பேசலாம், ஏமாற்றலாம். கிரேக்கத்தில் கவிஞர் ஹெசியட் முதலில் வைப்பது காவோஸ் என்ற ஆதி வெறுமை. அதிலிருந்து இருளும் இரவும் பிறக்கின்றன. அதற்கு வசனமே கிடையாது. வட ஐரோப்பிய நார்ஸ் மரபின் கின்னுங்ககாப் இன்னும் சுத்தம். ஒரு பக்கம் பனி, ஒரு பக்கம் நெருப்பு, நடுவே வெறும் பிளவு. பனி உருகிச் சொட்டியதில் இமிர் என்ற ஆதி அரக்கன் உண்டாகிறான். பிளவு செய்தது என்ன? இடம் கொடுத்தது.

களிமண்பலகை:
பாபிலோனை மட்டும் வசதியாக விட்டுவிட்டீர்கள். அதன் படைப்புக் காவியமான எனூமா எலிஷில் அப்சுவும் தியாமத்தும் ஆதிநீர்கள். இரண்டும் பேசுகின்றன. இளைய தேவர்கள் போடும் கூச்சலில் பகலில் ஓய்வில்லை, இரவில் தூக்கமில்லை என்று அப்சு அவர்களை ஒழிக்கப் பார்க்கிறது. அந்தத் தேவர்களில் ஒருவனான ஏயா அதை மந்திரத்தால் தூங்க வைத்துக் கொன்று, அதன் மேலேயே வீடு கட்டிக்கொள்கிறான். பிறகு ஏயாவின் மகன் மர்துக் தியாமத்தைக் கருவாட்டு மீன்போல் இரண்டாகப் பிளந்து ஒரு பாதியை வானமாக்குகிறான். தூக்கம் கெட்ட எரிச்சல்தான் அங்கே கதையையே கிளப்புகிறது. எதையும் விரும்பாத விசையோடு வாசகர் எப்படி ஒட்டுவார்?

வெற்றிடம்:
கொல்லவும் முடிந்ததே, அதைக் கவனியுங்கள். அவாய் செத்தால் மந்திரம் எங்கிருந்து வரும்? எகிப்தின் நூன் என்ற ஆதிநீர் படைப்போடு தீர்ந்துவிடவில்லை, உலகைச் சுற்றி இன்னும் கிடக்கிறது. உங்கள் அவாய் இப்போது எங்கே இருக்கிறது? வரைவில் அதற்கு ஒரு வரிகூட இல்லை.

ஏட்டுச்சுவடி:
பேச்சு இருக்கட்டும், முதலில் கணக்கு உதைக்கிறது. முற்றுகை முடிவில் 1,080 நினைவுகள் காலி, ஆளுக்கு 27. எந்த நினைவு போகும் என்று விதி இல்லாவிட்டால், கதைக்கு வசதியானவை மட்டும்தான் போகும். வாசகர் மோப்பம் பிடித்துவிடுவார்.

வழி பெயரிலேயே இருக்கிறது. இலக்கணத்தில் அவாய்நிலை என்றால் ஒரு சொல் இன்னொரு சொல்லை வேண்டி நிற்பது. 'கதவை' என்று நிறுத்துங்கள், காது வினைக்காகக் காத்திருக்கும். அந்தக் காத்திருப்புதான் உங்கள் விசை. எங்கே இருக்கிறது என்ற கேள்விக்கும் அதுவே பதில், முடியாத வாக்கியம் எல்லாவற்றிலும். மந்திரவாதி வினையை மனத்தில் வைத்து, வாயால் சொல்லாமல் விட வேண்டும். முழு வாக்கியமாகச் சொன்னால் ஒன்றும் நடக்காது.

அவாய்நிலையோடு தகுதியும் (பொருள் பொருந்துவது) அண்மையும் (சொற்கள் அடுத்தடுத்து வருவது) சேர்ந்தால்தான் தொடர் பொருள் தரும், இல்லையா? அவையும் விதிகளே. 'நெருப்பால் நனை' போலப் பொருந்தாததை நினைத்தால் குறை நிரம்பாது; திறந்த வாய் சொன்னவனையே இழுக்கும். சொற்களுக்கு நடுவே ஒரு மூச்சுக்கு மேல் இடைவெளி விழுந்தால் அறுந்துவிடும். இருமல்காரன் மந்திரவாதியாக முடியாது. எதிரி மிளகாய் வற்றலைப் புகைத்தாலே போதும்.

விலையாக நினைவு வேண்டாம், பசி போகட்டும். ஒரு இழுப்புக்கு ஒரு வேளைப் பசி. நாளுக்கு 3 என்றால் முற்றுகை முழுக்க யாருக்கும் பசிக்காது, சாப்பிடத் தோன்றாமலே சுருண்டு விழுவார்கள். 40 பேருக்கும் ஊட்டிவிட ஆள் வேண்டும். விவரமான எதிரி மந்திரவாதியை விட்டுவிட்டுக் கஞ்சிப் பானையை உடைப்பான்.

களிமண்பலகை:
கஞ்சிப் பானை அபாரம், ஒப்புக்கொள்கிறேன். 12ஆம் அத்தியாயம் என்ன ஆகும்? நாயகி சுவரோடு பேசுவாளா?

ஏட்டுச்சுவடி:
தம்பி மடியில் கிடக்கிறான். 'தம்பியின் கண்களை' என்று சொல்லி நிறுத்துகிறாள். மனத்தில் இருப்பது 'திற'. ஆனால் 11இன் கடைசி வரியில் கோட்டைக் கதவைப் பார்த்து 'மூடு' என்று கத்தியிருக்கிறாள், அதே மூச்சில். மனத்தில் உள்ளதைவிட வாயில் வந்தது அண்மை. 'மூடு' ஒட்டிக்கொள்ளும்.

களிமண்பலகை:
விருப்பத்தைக் கொல்லைப்புற வழியாக உள்ளே விடுகிறீர்கள். அவாய் அவளைப் பழிவாங்கியது போலத்தானே படிக்கிறவருக்குத் தோன்றும்?

வெற்றிடம்:
தோன்றட்டும். அவளுக்கும் அப்படித்தான் தோன்றும், ஆத்திரத்தில் அதைத் திட்டுவாள். பதில் வராது.

செங்கழுநீர்:
ஒரு சிக்கல். இப்போதைய வரைவில் அவள் அந்த இடத்தில் கத்துவது 'கதவைத் திற'. தம்பி பிழைத்துவிடுவான்.

களிமண்பலகை:
அதை மாற்றாதீர்கள்! திறந்த கதவு வழியாக எதிரி வரட்டும்.