மொரிசியஸ் – இந்தியா: பணம் வருவது உறவாலா, வரி ஒப்பந்தத்தாலா?

நெய்தல்_கணக்கு:
2000 ஏப்ரலில் இருந்து 2025 மார்ச் வரை இந்தியாவுக்கு வந்த அந்நிய நேரடி முதலீட்டைக் கூட்டினால் முதலிடம் மொரிசியஸுக்கு. ஏறத்தாழ கால்வாசி. பதின்மூன்று லட்சம் பேர்கூட இல்லாத தீவு அது. மேடைப் பேச்சுகளில் "கரும்புத் தோட்டத்துக்குப் போன நம் மக்களின் வாரிசுகள்" என்றுதான் காரணம் சொல்கிறார்கள். அது எவ்வளவு உண்மை? இரு நாட்டு வரி ஒப்பந்தத்தின் 2016 திருத்தத்துக்குப் பிறகு வரிச்சலுகையில் ஏதாவது மிச்சம் இருக்கிறதா? 2021 வர்த்தக ஒப்பந்தத்தால் இங்குள்ள சிறு ஏற்றுமதியாளருக்குப் பயன் உண்டா? ஏழாம் தலைமுறைக்கும் ஓசிஐ (இந்திய வம்சாவளி வெளிநாட்டவருக்கான) அட்டை என்கிறார்களே, அதற்கு என்ன காகிதம் வேண்டும்?

வரவுசெலவு:
அந்த முதலீட்டில் பெரும்பகுதி மொரிசியஸ்காரர் பணமே அல்ல. அமெரிக்கா, ஐரோப்பாவில் திரட்டிய பணம் மொரிசியஸ் தலைநகர் போர்ட் லூயி வழியாக வருகிறது.

1982-ல் கையெழுத்தாகி 1983-ல் நடைமுறைக்கு வந்த இரட்டை வரி தவிர்ப்பு ஒப்பந்தத்தின் 13-வது பிரிவுதான் சூட்சுமம். பங்கை விற்ற லாபத்துக்கு விற்பவர் வசிக்கும் நாடே வரி போடும் என்றது அது. மொரிசியஸில் மூலதன ஆதாய வரி கிடையாது. 100 ரூபாய்க்கு வாங்கிய பங்கை 300-க்கு விற்றால் 200 ரூபாய் லாபத்துக்கு இங்கேயும் வரி இல்லை, அங்கேயும் இல்லை. இரட்டை வரியைத் தவிர்க்கப் போட்ட ஒப்பந்தம் இரண்டு வரியையுமே தவிர்த்தது. பத்து வருடம் இதை யாரும் பெரிதாகக் கண்டுகொள்ளவில்லை. 1992-ல் இந்தியா அந்நிய நிதி நிறுவனங்களுக்குப் பங்குச்சந்தையைத் திறந்தது, அதே ஆண்டு மொரிசியஸ், வெளிநாட்டில் தொழில் செய்யும் கம்பெனிகளை அங்கே பதிய வழிசெய்யும் ஆஃப்ஷோர் சட்டம் கொண்டுவந்தது. அப்புறம்தான் வெள்ளம். மொரிசியஸ் வசிப்பிடச் சான்று இருந்தால் போதும் என்று 2000-ல் இந்திய நேரடி வரிகள் வாரியத்தின் 789-ஆம் எண் சுற்றறிக்கை சொன்னது. டெல்லி உயர் நீதிமன்றம் அதை ரத்து செய்தது. 2003-ல் ஆசாதி பச்சாவோ ஆந்தோலன் வழக்கில் உச்ச நீதிமன்றம் மறுபடி உயிர் கொடுத்தது.

2016 மே 10 திருத்தத்தின்படி, 2017 ஏப்ரல் 1 முதல் வாங்கிய பங்குகளின் லாபத்துக்கு இந்தியா வரி போடலாம். 2019 மார்ச் 31 வரை பாதி விகிதம். அதற்கும் நிபந்தனை உண்டு: முந்தைய 12 மாதத்தில் அந்த நிறுவனம் மொரிசியஸில் 15 லட்சம் மொரிசியஸ் ரூபாய்க்குக் குறைவாகச் செலவழித்திருந்தால் வெறும் பெயர்ப்பலகைக் கம்பெனியாகக் கருதப்படும்.

மிச்சம் என்றால் இரண்டு. 2017 மார்ச் 31-க்குள் வாங்கிய பங்குகளுக்குப் பழைய விதி. அடுத்து, திருத்தம் "பங்கு" என்று மட்டுமே சொல்கிறது. கடன் பத்திரம், டெரிவேட்டிவ் (பங்கு விலையை ஒட்டிப் போடும் எதிர்கால ஒப்பந்தங்கள் போன்றவை) ஆகியவை இன்னும் பழைய பிரிவில்தான் நிற்கின்றன. இங்கேதான் வழக்குகள். மாற்றத்தக்க முன்னுரிமைப் பங்கை 2015-ல் வாங்கி 2018-ல் சாதாரணப் பங்காக மாற்றியவருக்கு 'வாங்கிய தேதி' எது என்று வருமான வரித் துறை கேட்கிறது.

சரக்குப்பெட்டி:
ஏற்றுமதி பற்றி. நீங்கள் கேட்ட வர்த்தக ஒப்பந்தத்தின் பெயர் செக்பா (CECPA); 2021 பிப்ரவரி 22-ல் கையெழுத்து, ஏப்ரல் 1 முதல் அமல். ஆப்பிரிக்க நாடு ஒன்றோடு இந்தியா செய்துகொண்ட முதல் வர்த்தக ஒப்பந்தம். இந்தியப் பொருள்கள் 310-க்கு அங்கே சலுகை. அவர்களுடையது 615-க்கு இங்கே.

பெரும்பாலோர் சறுக்கும் இடம் ஒன்று உண்டு. மொரிசியஸ் பல பொருள்களுக்கு எந்த நாட்டிலிருந்து வந்தாலும் சுங்கவரி வாங்குவதில்லை. உங்கள் பொருளின் எச்எஸ் குறியீட்டுக்கு (சுங்கத்தில் பொருளை வகைப்படுத்தும் எண்) அங்கே பொது வரியே பூஜ்யம் என்றால் ஒப்பந்தத்தால் ஒரு காசு லாபம் இல்லை. சான்றிதழுக்கு அலைவதுதான் மிச்சம். எனவே முதலில் அந்நாட்டு வரி அட்டவணையைப் பாருங்கள், பிறகு 310-ல் உங்கள் பொருள் இருக்கிறதா என்று பாருங்கள். இருந்தால் டிஜிஎஃப்டி (வெளிநாட்டு வர்த்தகத் தலைமை இயக்குநரகம்) இணையதளத்தில் பிறப்பிடச் சான்றுக்கு விண்ணப்பியுங்கள். இன்வாய்ஸிலும் சான்றிலும் குறியீடு ஒரு இலக்கம் மாறினாலும் சலுகை நிற்கும். 15 சதவீத வாட் (மதிப்புக்கூட்டு வரி) எப்படியும் உண்டு, விலை சொல்லும்போதே வாங்குபவருக்கு நினைவூட்டுங்கள்.

அங்கிருந்து இறக்குமதி செய்பவருக்கு வேலை அதிகம். பிறப்பிடச் சான்று மட்டும் போதாது. 2020-ன் கரோடார் (CAROTAR) எனப்படும் இந்தியச் சுங்க விதிப்படி அந்தப் பொருள் எப்படி அங்கே உற்பத்தியானது என்ற விவரத்தையும் இறக்குமதியாளரே கையில் வைத்திருக்க வேண்டும். சுங்கம் கேட்கும்போது தேட ஆரம்பித்தால் சரக்கு துறைமுகத்திலேயே கிடக்கும்.

பழங்கணக்கு:
ஓசிஐ பற்றி. வழக்கமாகக் கொள்ளுப்பேரன் வரைக்கும்தான். 2024 மார்ச்சில் குடியரசுத் தலைவர் முர்மு போர்ட் லூயி சென்றபோது, மொரிசியஸுக்கு மட்டும் ஏழாம் தலைமுறை வரை என்று அறிவித்தார். 1834-ல் தொடங்கிய ஒப்பந்தக் கூலிக் குடியேற்றத்தைக் கணக்கிட்டால் நான்கு தலைமுறை எட்டாது.

ஒவ்வொரு தலைமுறைக்கும் பிறப்பு, திருமணப் பதிவு வேண்டும். சங்கிலியில் ஒரு கண்ணி விட்டாலும் நின்றுவிடும். கடைசிக் கண்ணி, கப்பலில் வந்தவரின் பதிவு. அது மோக்காவில் உள்ள மகாத்மா காந்தி நிறுவனத்தின் குடியேற்ற ஆவணக் காப்பகத்தில் இருக்கிறது: வரிசை எண், பெயர், தகப்பன் பெயர், ஊர், கப்பல். 1860-களுக்குப் பிந்தையவற்றில் பலருக்குப் புகைப்படமும் உண்டு. வரிசை எண் தெரிந்தால் தேடல் சுலபம். பெயரை மட்டும் வைத்துத் தேடினால் திண்டாட்டம், ஏனென்றால் எழுதிய குமாஸ்தாவின் காதுக்கு எட்டியதுதான் பெயர். தகப்பன் பெயரே குடும்பப் பெயராகிப்போனது இன்னொரு குழப்பம். சென்னையில் கப்பலேறியவர் என்றால் தமிழர் என்று முடிவு கட்டாதீர்கள்; தெலுங்கர்களும் அங்கேதான் ஏறினார்கள்.

பிரெஞ்சு ஆட்சியில், 1730-களிலேயே புதுச்சேரியிலிருந்து போன கைவினைஞர்களின் வழித்தோன்றல்கள் இந்தப் பதிவேட்டில் இருக்கவே மாட்டார்கள். அவர்களுக்கு ஏழு தலைமுறைகூடப் போதாமல் போகலாம்!

நெய்தல்_கணக்கு:
நன்றி. அப்படியானால் உறவு என்பது வெறும் மேடைப் பேச்சுதானா?

தென்கடல்:
முழுக்க அப்படி இல்லை, இங்கே வரவுசெலவோடு எனக்குக் கொஞ்சம் முரண்பாடு உண்டு. வரி இழப்பு 1990-களிலேயே தெரிந்துவிட்டது. இருந்தும் திருத்த 2016 வரை ஆனது. நட்பு நாட்டின் நிதித்துறையை ஒரே கையெழுத்தில் முடக்க டெல்லிக்கு மனமில்லை. இந்தியப் பெருங்கடலில் அந்தத் தீவு தேவையாகவும் இருந்தது. திருத்திய அதே ஆண்டு 35.3 கோடி டாலர் மானியத்தொகுப்பு போனதைக் கவனியுங்கள்: மெட்ரோ ரயில், உச்ச நீதிமன்றக் கட்டடம், காது-மூக்கு-தொண்டை மருத்துவமனை, வீடுகள், பள்ளிப் பிள்ளைகளுக்கு டேப்லெட். 2024 பிப்ரவரியில் மொரிசியஸுக்குச் சொந்தமான அகலேகா தீவில் இந்தியா கட்டித்தந்த விமான ஓடுதளமும் படகுத்துறையும் திறக்கப்பட்டன. அது முக்கியத் தீவிலிருந்து வடக்கே 1,100 கிலோமீட்டர்.

புலம்பெயர்ந்த வரலாறு இதற்கெல்லாம் கதவு திறந்து வைத்தது, அவ்வளவுதான். உள்ளூரில் அது வேறு மாதிரி வேலை செய்கிறது. 1998-ல் புது ரூபாய் நோட்டில் தமிழுக்கு மேலே இந்தி எழுத்து வந்ததும் தமிழர்கள் கொதித்தார்கள், நோட்டுகளையே திரும்பப் பெற்று மறு ஆண்டு பழைய வரிசையில் அச்சிட்டார்கள். 'இந்திய வம்சாவளி' என்று ஒரே பிடியாகப் பேசுகிறவர்கள் அந்தத் தீவின் 1998, 1999 ஆண்டுகளின் 25 ரூபாய் நோட்டுகள் இரண்டை அருகருகே வைத்துப் பார்க்கலாம்.