சிபாப் குழந்தைக்கு வயிறு உப்பல்: மிஷின் கோளாறா, இன்ஃபெக்‌ஷனா?

புது_ஸ்டாஃப்:
வணக்கம். மகப்பேறு வார்டிலிருந்து இந்த மாதம்தான் என்னை எஸ்.என்.சி.யு.வுக்கு (நோயுற்ற பச்சிளங்குழந்தைகளின் சிறப்புப் பிரிவு) மாற்றினார்கள். 32 வாரத்தில் பிறந்த, 1.6 கிலோ குழந்தை ஒன்று பபுள் சிபாப்பில் (மூக்கு வழியாக அழுத்தக் காற்று கொடுத்து மூச்சுக்கு உதவும் கருவி; அதன் தண்ணீர் பாட்டிலில் குமிழி வந்துகொண்டே இருக்க வேண்டும்) இருக்கிறது. இரவில் சாச்சுரேஷன் (ரத்தத்தில் ஆக்சிஜன் சதவீதம்) 85-க்கு இறங்கி அலாரம் அடிக்கிறது. குமிழி விட்டு விட்டு வருகிறது. வயிறு வேறு லேசாக உப்பல். டாக்டர் லேபர் வார்டில் இருப்பார். ஒன்றுமில்லாததற்குக் கூப்பிட்டால் கடுகடுப்பார். எதற்குக் கூப்பிட வேண்டும், எதை நாமே சரி செய்யலாம்?

நைட்_டியூட்டி_அக்கா:
முதலில் ஒன்று, தங்கச்சி. அலாரம் கேட்டதும் கை ஆக்சிஜனைக் கூட்டத்தான் போகும். போக விடாதீர்கள். இந்தக் குழந்தைக்கு 90 முதல் 95 வரை போதும். சும்மா 99-ல் ஓட விட்டால் விழித்திரை கெடும். 34 வாரத்துக்கு முன் பிறந்தவர்களுக்கெல்லாம் ஒரு மாதத்துக்குள் கண் பரிசோதனை செய்வது அதனால்தான்.

மானிட்டரை விட்டுவிட்டு நெஞ்சைப் பாருங்கள். அசைகிறதா? இல்லையென்றால் உள்ளங்காலைத் தட்டுங்கள், முதுகைத் தேய்த்து விடுங்கள். அதற்கும் மூச்சு வராவிட்டாலோ இதயத்துடிப்பு 100-க்குக் கீழே போனாலோ உடனே பேக் அண்ட் மாஸ்க் (முகமூடி வைத்துப் பையை அமுக்கிக் காற்று கொடுப்பது); டாக்டரைக் கூப்பிட ஆள் அனுப்புங்கள்.

மூச்சு இருக்கிறதென்றால், குமிழி நிற்பது பெரும்பாலும் மூக்கில் லீக். பிராங் (மூக்கில் செருகும் சின்னக் குழல்) நழுவியிருக்கும், சைஸ் சின்னதாக இருக்கும், இல்லை குழந்தை வாயைத் திறந்து வைத்திருக்கும். தோளுக்கடியில் சின்ன ரோல் வைத்துக் கழுத்தைச் சரி செய்தாலே பாதி சரியாகிவிடும். குழாயில் தேங்கிய தண்ணீரையும் வடித்துவிடுங்கள். லீக்கை அடைக்கிறேன் என்று பிராங்கை உள்ளே அழுத்துகிறவர்கள் இருக்கிறார்கள், அதுதான் எனக்குக் கோபம் வரும் விஷயம். பிராங்கின் அடிப்பகுதிக்கும் மூக்குத் தண்டுக்கும் நடுவே 2 மில்லிமீட்டராவது இடைவெளி வேண்டும். ஒவ்வொரு ஷிப்ட்டிலும் டார்ச் அடித்துப் பாருங்கள். தண்டு சிவந்தால் எச்சரிக்கை, கருத்தால் புண் வந்துவிட்டது.

வயிறு. சிபாப் காற்று கொஞ்சம் வயிற்றுக்கும் போகும். ஓ.ஜி. டியூபை (வாய் வழியாக வயிற்றுக்குள் போகும் குழாய்) திறந்து வையுங்கள். பால் கொடுத்த பின் அரை மணி நேரம் மட்டும் மூடலாம். வயிறு மெத்தென்று இருந்து, குழந்தை கைகாலை ஆட்டினால் பெரிய பயமில்லை. வயிறு இறுகிப் பளபளத்தால், டியூபில் பச்சையாக வந்தால், மலத்தில் ரத்தம் தெரிந்தால் பாலை நிறுத்திவிட்டு உடனே கூப்பிடுங்கள். அவர் கடுகடுத்தால் கடுகடுக்கட்டும்.

இன்ஃபெக்‌ஷன் என்றதும் காய்ச்சலைத் தேடாதீர்கள். குறைமாதக் குழந்தை பெரும்பாலும் குளிர்ந்துதான் போகும். புறங்கையால் முதலில் வயிற்றையும் பிறகு பாதத்தையும் தொடுங்கள். வயிறு சூடு, பாதம் ஜில் என்றால் குளிரில் தவிக்கிறது. இரண்டுமே ஜில் என்றால் உடல் சூடு 36.5 டிகிரி செல்சியஸுக்குக் கீழே இறங்கிவிட்டது. வார்மர் (குழந்தையைச் சூடாக வைக்கும் கருவி) சரியாக ஓடியும் இப்படியென்றால் இன்ஃபெக்‌ஷனைச் சந்தேகப்படுங்கள். நெஞ்செலும்பில் அழுத்தி எடுத்தால் நிறம் திரும்ப (இதுதான் சி.ஆர்.டி.) 3 விநாடிக்கு மேல் ஆகிறதா, சுகர் 45-க்குக் கீழா, நன்றாக இருந்த குழந்தை புதிதாக மூச்சை நிறுத்துகிறதா, இதெல்லாம் கணக்கில் வரும். நேற்று குதிகாலில் குத்தும்போது வீறிட்ட குழந்தை இன்று முகத்தை மட்டும் சுளித்தால் நான் காத்திருக்க மாட்டேன்.

போனில் “குழந்தை டல்லா இருக்கு சார்” என்று சொன்னால் யாரும் ஓடி வர மாட்டார்கள். மூச்சு எண்ணிக்கை (முழு ஒரு நிமிடம் எண்ணியது), சாச்சுரேஷன், டெம்பரேச்சர், சி.ஆர்.டி., சுகர். வரிசையாக எண்களைச் சொல்லுங்கள்.

சிரிஞ்ச்_பம்ப்:
அக்கா சொன்னதோடு ஒன்று. ஹியூமிடிஃபயரில் (காற்றை ஈரமாக்கும் பகுதி) ஸ்டெரைல் வாட்டர்தான், குழாய்த் தண்ணீர் கூடாது. பபுள் பாட்டிலில் குழாய் எத்தனை சென்டிமீட்டர் முங்கியிருக்கிறதோ அதுதான் பிரஷர். 5 என்று எழுதிவிட்டுத் தண்ணீர் மட்டம் ஏறியதைப் பார்க்காமல் விட்டால் 7 ஓடும்.

குட்டி_அம்மா:
நான் நர்ஸ் இல்லை, என் பையன் அப்படி ஒரு வார்டில் இருந்தான். மாமியார் சேனை வைக்கத் தேன் கொண்டுவந்தார். சிஸ்டர் சண்டை போடாமல், “பாட்டி, இந்தாங்க” என்று சீம்பால் தொட்ட பஞ்சைக் கையில் கொடுத்து, கை கழுவ வைத்து, அவரையே வாயில் தடவச் சொன்னார். தேன் பாட்டில் வீட்டுக்குத் திரும்பிவிட்டது.

புது_ஸ்டாஃப்:
எல்லோருக்கும் நன்றி. பிராங் சைஸ் மாற்றியதும் குமிழி சீராக வருகிறது. ஓ.ஜி. டியூபில் பால் திரிந்து அடைத்திருந்தது, மாற்றினேன், வயிறு தளர்ந்தது. ஆனால் பாதமும் வயிறும் ஜில். டெம்பரேச்சர் 36.1, சி.ஆர்.டி. 4 விநாடி. எண்களாகவே சொன்னேன், டாக்டர் உடனே வந்தார். ஆம்பிசிலின், ஜென்டாமைசின் என்று இரண்டு ஆன்டிபயாட்டிக் ஊசி எழுதியிருக்கிறார். ஜென்டாவை மெதுவாகத் தள்ளினால் போதுமா?

நைட்_டியூட்டி_அக்கா:
கையால் தள்ள வேண்டாம், சிரிஞ்ச் பம்பில் 30 நிமிடம். ஆம்பிசிலினோடு ஒன்றாகக் கலக்காதீர்கள். நடுவே லைனை ஃப்ளஷ் செய்யுங்கள். பிளட் கல்ச்சரை (ரத்தத்தில் கிருமி இருக்கிறதா என்று பார்க்கும் சோதனை) முதல் டோஸுக்கு முன்பே எடுத்துவிடுங்கள். கேனுலாவின் (நரம்பில் போட்ட ஊசிக் குழாய்) வாயை ஸ்பிரிட் பஞ்சால் 15 விநாடி நன்றாகத் தேய்த்து, காய்ந்த பிறகு மருந்தைப் போடுங்கள். வளையல், வாட்ச் இருந்தால் கழற்றிவிட்டு உள்ளே போங்கள்.