அமைய (நாட்சம்பள) சேவைக்காலம் சம்பள ஏற்றத்துக்கும் தர உயர்வுக்கும் கணக்கிடப்படுமா?

கேள்வி: அலுவலக உதவியாளர், ஹட்டன்

அனைவருக்கும் வணக்கம். நான் மாகாண சபைக்குக் கீழுள்ள ஓர் அலுவலகத்தில் 2009ஆம் ஆண்டு நாட்சம்பளம் பெறும் ‘அமைய’ (நிரந்தரமற்ற) ஊழியராகச் சேர்ந்தேன். இத்தகைய ஊழியர்களை நிரந்தரமாக்கிய 25/2014 ஆம் இலக்கப் பொது நிருவாகச் சுற்றறிக்கையின் கீழ் 2015இல் நிரந்தர நியமனம் கிடைத்தது. இடைப்பட்ட ஆறு வருடங்களில் நான் செய்ததும் நிரந்தர ஊழியர்கள் செய்த அதே வேலைதான். ஆனால் எங்கள் பெயர்களை வரவுப் பதிவேட்டில் எல்லோருக்கும் கடைசியில், சிவப்பு மையால் ஒரு கோடு கிழித்து, அதன் கீழேதான் எழுதுவார்கள். 2009இல் நேரடியாக நிரந்தர நியமனம் பெற்ற நண்பர் 2019இலேயே இரண்டாம் தரத்துக்கு உயர்ந்துவிட்டார். எனக்கு இப்போதுதான் அதற்கான சிபாரிசு போகிறது. அந்த ஆறு வருடங்களைச் சம்பள ஏற்றத்துக்கோ தர உயர்வுக்கோ சேர்த்துக்கொள்ள வழியுண்டா?

பதில் 1: ஓய்வுபெற்ற முகாமைத்துவ உதவியாளர், பதுளை

முதலில் உங்கள் நியமனக் கடிதத்தை எடுத்து, நியமனம் வலுவுக்கு வரும் திகதி என்று எதைக் குறிப்பிட்டிருக்கிறார்கள் என்று பாருங்கள். ஆண்டுச் சம்பள ஏற்றம், மூன்று வருடத் தகுதிகாண் காலம், வினைத்திறன்காண் தடை (மேலே போவதற்கு முன் தாண்ட வேண்டிய தேர்வு), பத்து ஏற்றங்களை உழைத்த பின் வரும் இரண்டாம் தரம் ஆகிய அனைத்தும் அந்தத் திகதியிலிருந்தே எண்ணப்படுகின்றன. அந்தச் சுற்றறிக்கையின்படி வழங்கப்பட்ட கடிதங்களில் நான் கையாண்டவை எல்லாம் முந்திய காலத்தை விட்டுவிட்டு, ஆரம்பச் சம்பளப் படியில்தான் ஊழியரை நிறுத்தின. அதற்கு அலுவலகங்கள் சொல்லும் காரணம், நாட்சம்பளத்தில் ஏற்றம் என்ற ஒன்றே இல்லாதபடியால் நிரந்தரப் பதவிக்குக் கொண்டுவர ஒரு படியும் இல்லை என்பது. மாதச் சம்பள அளவுத்திட்டத்தில் ஏற்றம் பெற்றுவந்த தற்காலிக ஊழியரின் நிலை வேறு. இரண்டையும் ஒன்றாக்கி விண்ணப்பித்தால் கோரிக்கை முதல் மேசையிலேயே திரும்பிவிடும்.

இழப்பு சிறியதன்று என்பதையும் சொல்ல வேண்டும். 03/2016 சம்பளச் சுற்றறிக்கையில், அலுவலக உதவியாளர் போன்றோருக்கான பி.எல். 1 சம்பள அளவுத்திட்டம் 24,250 ரூபாவில் தொடங்கி, முதல் பத்து ஏற்றங்கள் 250 ரூபா வீதமும் அடுத்த பத்து 270 ரூபா வீதமும் போனது. 2025 திருத்தத்தில் ஆகக் குறைந்த அடிப்படைச் சம்பளம் 40,000 ரூபா, ஆகக் குறைந்த ஏற்றம் 450 ரூபா. அது முழுமையாக நடைமுறைக்கு வரும்போது ஆறு படிகளின் வித்தியாசம் மாதம் 2,700 ரூபாவுக்குக் குறையாது. ஓய்வூதியமும் கடைசிச் சம்பளத்தையும் சேவைக்காலத்தையும் வைத்தே கணிக்கப்படுவதால், வேலையை விட்ட பிறகும் அந்த வித்தியாசம் தொடரும்.

ஆகவே சம்பள ஏற்றம், தர உயர்வு, ஓய்வூதியத்துக்கான சேவைக்காலம் ஆகிய மூன்றையும் தனித்தனிக் கோரிக்கைகளாக எழுதுங்கள். ஒன்று நிராகரிக்கப்பட்டாலும் மற்றையவை அதனோடு அடிபட்டுப் போகாது.

பதில் 2: தோட்டப் பாடசாலை ஆசிரியை, தலவாக்கலை

இது அலுவலக ஊழியர்களுக்கு மட்டும் உள்ள குறையன்று. தோட்டப் பாடசாலைகளுக்கு ஆசிரிய உதவியாளர்களாக வந்தவர்கள் ஆரம்பத்தில் மாதம் 6,000 ரூபா, பின்னர் 10,000 ரூபா கொடுப்பனவுக்கு முழு நேரப் பாடவேளைகளையும் எடுத்தார்கள். பயிற்சிக் கலாசாலை முடித்து இலங்கை ஆசிரியர் சேவைக்குள் உள்வாங்கப்பட்டபோது அந்தக் காலம் சேவையாகத் தெரியவில்லை. ஆளில்லாத இடத்தை நிரப்ப எங்களை எடுத்தவர்கள், நாங்கள் நிரப்பிய காலத்தைக் கணக்கில் எடுக்க மறுப்பது எந்த விதத்திலும் நியாயமாகாது.

பதில் 3: தொழிற்சங்க உறுப்பினர், கண்டி

நியாயம் நம் பக்கம் இருக்கிறது. ஆனால் கையில் ஆவணமும் இருக்க வேண்டும். உங்கள் அமைய காலத்துக்கு ஊழியர் சேமலாப நிதி கட்டப்பட்டிருந்தால் அதன் கணக்குக் கூற்றுகள் வலுவான சான்று. ஓய்வூதியமுள்ள நிரந்தர அரச நியமனம் பெறுவோர் அந்தப் பணத்தை மீளப் பெறலாம் என்பதால், நீங்கள் ஏற்கனவே எடுத்திருக்கக்கூடும். அப்படியானால் விண்ணப்பப் பிரதியைத் தேடி எடுங்கள், சேவைக்காலம் அதில் எழுதப்பட்டிருக்கும். பழைய வரவுப் பதிவேட்டின் பிரதிகளை 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் கேட்கலாம். தகவல் உத்தியோகத்தர் 14 வேலை நாட்களுக்குள் முடிவை அறிவிக்க வேண்டும்.

காலக்கெடுவையும் கவனியுங்கள். 2015 கடிதத்தை எதிர்த்து இப்போது உயர் நீதிமன்றம் போக முடியாது. அடிப்படை உரிமை மனுவுக்கு அரசியலமைப்பின் 126ஆம் உறுப்புரை தருவது ஒரு மாதம்தான். ஆனால் இரண்டாம் தரத்துக்கு எந்தத் திகதியிலிருந்து உயர்த்துகிறார்கள் என்ற கடிதம் இனித்தான் வரப்போகிறது. அது ஒரு புதிய தீர்மானம். கிடைத்தவுடனே, அந்தத் திகதியை முன்திகதியிடக் கோரி, திணைக்களத் தலைவர் ஊடாக மாகாண அரசாங்க சேவை ஆணைக்குழுவுக்கு மேன்முறையீடு அனுப்புங்கள். ஒரு முற்பிரதியை நேரடியாகவும் பதிவுத் தபாலில் போடுங்கள்.

கேள்வி கேட்டவர்:

ஐயா, சகோதரி, மிக்க நன்றி. கடிதம் சிங்களத்தில் இருந்ததால் இதுவரை யாரையும் கொண்டு வரிவரியாக வாசிக்கவில்லை. இன்று வாசித்துப் பார்த்தோம். வலுவுக்கு வரும் திகதி 2015 என்றே இருக்கிறது. முந்திய சேவை கணக்கில் எடுக்கப்படாது என்று அதில் எந்த வாசகமும் இல்லை. இதை மேன்முறையீட்டில் சுட்டிக்காட்டலாமா?

பதில் 3: தொழிற்சங்க உறுப்பினர், கண்டி

கட்டாயம் சுட்டிக்காட்டுங்கள், முதல் பந்தியிலேயே. அந்த மௌனம் உரிமையைத் தானாகத் தந்துவிடாது. ஆனால் கடிதமே தடை விதிக்கிறது என்று அவர்கள் சொல்ல முடியாமற்போகும். மேன்முறையீட்டைத் தமிழிலேயே எழுதி, தமிழிலேயே பதில் கேளுங்கள்.