கரிசல்ல செங்காந்தள் வருமா? மண்ணை எப்படித் தயார் பண்றதுங்க?

கொழிஞ்சாம்பாறைப் பக்கம் எங்க வீடு. கேரளான்னு பேருதான், மண்ணு கரிசலுங்க. வெயில்ல விரல் போற அளவு வெடிக்கும், மழையில செருப்பைப் பிடிச்சு வெச்சுக்கும். பின்னால ரெண்டு சென்ட்ல நம்ம ஊர்க் காட்டுப்பூவா வளர்க்க ஆசை: செங்காந்தள், நிலப்பனை, விஷ்ணுகிராந்தி, வேலியோரம் ஆவாரை. ஒருதடவை வெச்சா வருசா வருசம் அதுவா தழையணும்.

போன வருசம் ஆழமாக் கொத்தி, ரெண்டு வண்டி சாணி எரு போட்டு காந்தள் கிழங்கு நட்டேன். எருவைத் தின்னு கொழுத்தது கோரையும் பார்த்தீனியமும்தான். ஆடி மழையில தண்ணி நின்னுடுச்சு. கிழங்கைத் தோண்டிப் பார்த்தா கொழகொழன்னு அழுகிக் கிடக்குது, நாத்தம் வேற. ஆவாரை மட்டும் அசையல. அதுக்கு எருவும் வேண்டாம், நானும் வேண்டாம் போல.

மண்ணுல மணல் எவ்வளவு, களி எவ்வளவுன்னு பார்க்க ஒரு பாட்டில் தண்ணில மண்ணைக் கரைச்சு வெச்சேன். அடியில மணல் அரை விரக்கடை கூட இல்லை, மறுநாளும் தண்ணி கலங்கல்தான்.

இந்தத் தடவை சித்திரை வெயில்ல பாலித்தீன் சீட் போட்டு மூடி, களை விதையை வேக வைக்கலாம்னு இருக்கேன். கோரைக்கிழங்கு இதுக்குச் சாகுமா, இல்ல கையால தோண்டித்தான் எடுக்கணுமா? காந்தளுக்கு முக்கால் அடி மேட்டுப்பாத்தி போதுமா? மண்ணுல எதைக் கலக்கட்டும்? மணல், செம்மண் ஒண்ணும் வேண்டாம், மக்குன இலைதழையே போதும்னு பக்கத்துத் தோட்டத்து அண்ணன் சொல்றாரு.

கரிசல்ல காந்தள் பூத்துப் பார்த்தவங்க ஜூன்ல தொடங்குற இடவப்பாதி மழைக்கு முன்னாடி சொல்லுங்க. கிழங்கு விஷம்னு தெரியும், குழந்தைங்க போகாம அடைப்பு கட்டியாச்சு.