புதிய பெட்ரோல் பங்க்: தடையின்மைச் சான்றும் அதைத் தொடரும் வழக்குகளும்

திண்டுக்கல் மாவட்ட விண்ணப்பதாரர்:

பொதுத்துறை எண்ணெய் நிறுவனங்கள் 2018 நவம்பரில் வெளியிட்ட விளம்பரத்தின் வழியாக, மாநில நெடுஞ்சாலையை ஒட்டிய எங்கள் புஞ்சை நிலத்துக்கு ஒதுக்கீட்டுக் கடிதம் கிடைத்தது. கடிதம் வந்துவிட்டால் பங்க் வந்துவிட்டது என்றே பலரும் எண்ணுகின்றனர். 2002ஆம் ஆண்டுப் பெட்ரோலிய விதிகளின் 144ஆவது விதிப்படி, மாவட்ட ஆட்சியரின் தடையின்மைச் சான்று இல்லாமல் எரிபொருள் சேமிப்புக்கு உரிமம் வழங்கும் மத்திய அரசின் பெட்ரோலிய, வெடிபொருள் பாதுகாப்பு அமைப்பின் உரிமம் கிடைக்காது. ஆட்சியர் மூன்று மாதத்துக்குள் முடிவெடுக்க வேண்டும் என்று விதி சொல்கிறது. ஆனால் வருவாய்த் துறை, காவல்துறை, தீயணைப்புத் துறை, நெடுஞ்சாலைத் துறை, ஊராட்சி ஆகிய அனைவரின் அறிக்கையும் சேரும்வரை கோப்பு நகர்வதில்லை.

சான்று கிடைத்ததும், அதே சாலையில் ஏற்கெனவே பங்க் நடத்தும் ஒருவர் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் நீதிப்பேராணை (ரிட்) மனு தாக்கல் செய்தார். தொழிற்போட்டியாளர் என்பதற்காக மட்டும் ஒருவர் பாதிக்கப்பட்டவராகிவிட மாட்டார் என்பதை உச்ச நீதிமன்றம் 1970இல் ஓர் அரிசி ஆலை வழக்கிலும், 1975இல் ஒரு திரையரங்கு வழக்கிலும் தெளிவாக்கியிருக்கிறது. எங்கள் வழக்கறிஞர் இவ்விரு தீர்ப்புகளையும் முன்வைத்ததும் அம்மனு நிற்கவில்லை. சில வாரங்களிலேயே அதே வாதங்கள், உள்ளூர்வாசி ஒருவரின் பெயரில், பொதுமக்கள் பாதுகாப்பு என்ற புதுச் சட்டை அணிந்து மீண்டும் வந்தன. இரண்டாவது மனுவைத்தான் நான் கடினமானது என்பேன். ஏனெனில் அங்கே மனுதாரரின் நோக்கத்தைப் பழிப்பது உதவாது, பங்க்குக்கும் குடியிருப்புகளுக்கும் இடையே விடவேண்டிய தூர அளவுகள் சரியா என்பதே கேள்வி. நில அளவரைக் கொண்டு எண்ணெய் நிறுவனத்தின் முன்னிலையில் அளந்து, புலப்படத்துடன் (நில அளவை வரைபடம்) இணைத்துத் தாக்கல் செய்த பிறகே அதுவும் முடிந்தது.

சேலம் மாவட்டப் பள்ளி மேலாண்மைக் குழு உறுப்பினர்:

ஐயா, எதிர்ப்பு மனுக்கள் எல்லாமே போட்டியாளர்கள் தூண்டிவிடுபவை அல்ல. எங்கள் அரசுப் பள்ளிக்கு அடுத்த மனையில் பங்க் அமையவிருந்தபோது நாங்கள் எழுப்பிய ஆட்சேபத்துக்கு அடிப்படையாக இருந்தது, மத்திய மாசுக் கட்டுப்பாட்டு வாரியம் 2020 ஜனவரி 7 அன்று வெளியிட்ட வழிகாட்டுதல். பள்ளி, பத்து அல்லது அதற்கு மேற்பட்ட படுக்கைகள் கொண்ட மருத்துவமனை, உள்ளூர்ச் சட்டப்படி குடியிருப்பாக வகைப்படுத்தப்பட்ட பகுதி ஆகியவற்றிலிருந்து 50 மீட்டருக்குள் புதிய பங்க் கூடாது. இடநெருக்கடி இருந்தால் கூடுதல் பாதுகாப்பு ஏற்பாடுகளுடன் குறைக்கலாம், ஆயினும் எந்நிலையிலும் 30 மீட்டருக்குக் கீழே போகக்கூடாது.

பலர் கவனிக்காத ஒன்று, அளவு எங்கிருந்து தொடங்குகிறது என்பது. பங்க்கின் சுற்றுச்சுவரிலிருந்து அல்ல, தொட்டியில் எரிபொருள் நிரப்பும் வாய், விநியோகக் கருவி, ஆவிபோக்குக் குழாய் ஆகியவற்றுள் எது அருகிலுள்ளதோ அதிலிருந்து அளக்க வேண்டும். வரைபட நகலைத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ்ப் பெற்றுப் பார்த்தபோது, ஆவிபோக்குக் குழாய் எங்கள் வகுப்பறைப் பக்கமே இருந்தது. ஆட்சியர் அலுவலக விசாரணையில் இதைக் காட்டியதும் நிறுவனம் வரைபடத்தை மாற்றி, குழாயையும் கருவிகளையும் எதிர்மூலைக்குக் கொண்டுபோனது. பங்க் வந்தது, வழக்குக்குப் போகவில்லை. பள்ளிக் கிணற்று நீரைப் பற்றிய எங்கள் கேள்விக்கு மட்டும் எழுத்துமூலம் பதில் வரவில்லை.

திண்டுக்கல் மாவட்ட விண்ணப்பதாரர்:

அம்மா, நீங்கள் சொல்வதை ஏற்கிறேன். எங்கள் வழக்கில் அதிக நேரம் எடுத்துக்கொண்டதும் ‘வகைப்படுத்தப்பட்ட’ குடியிருப்பு என்ற சொற்றொடர்தான். சாலையோரம் நான்கு வீடுகள் இருந்தன. ஆனால் அந்நிலம் ஆவணங்களில் விவசாய வகையிலேயே இருந்தது. நிலம் பார்க்கும்போதே நகர ஊரமைப்புத் துறையில் நிலப் பயன்பாட்டு வகையை எழுத்தில் பெற்றுவிடுவது, பின்னாளில் வழக்கறிஞருக்குக் கொடுக்கும் கட்டணத்தைவிட மலிவு. தேசிய நெடுஞ்சாலையாக இருந்தால், சாலைச் சந்திப்பு, சுங்கச்சாவடி, அடுத்த பங்க் ஆகியவற்றிலிருந்து விடவேண்டிய தூரமும், வாகனங்கள் நுழைந்து வெளியேறும் வழிக்கான தனி அனுமதியும் இதனுடன் சேரும்.