கேரளத்தில் படித்தால் நீட்டைத் தமிழில் எழுதக் கூடாதா?

கொழிஞ்சாம்பாறைக்காரன்:
அக்கா பொண்ணு இங்க அரசுப் பள்ளியில பத்தாவது வரைக்கும் தமிழ் மீடியம். இப்ப ப்ளஸ் டூ பயாலஜி. நீட் ஃபார்ம் போட அக்ஷயா இ-சேவை மையத்துக்குப் போனோம். தேர்வு மையம் பாலக்காடுன்னு போட்டா மொழிப் பட்டியல்ல தமிழே வரல. நீட் தகவல் கையேட்டை எடுத்துப் பார்த்தா அட்டவணையே இருக்கு. இங்கிலீஷ், இந்தி, உருது நாடு முழுக்கக் கிடைக்கும். மலையாளம் கேரளா, லட்சத்தீவுல. தமிழ்? தமிழ்நாடு, புதுச்சேரி, அந்தமான். அவ்வளவுதான்.

எஸ்எஸ்எல்சி வினாத்தாளைத் தமிழ்ல அச்சடிச்சு இதே பாலக்காட்டுலதானே குடுக்கறாங்க? ரெண்டு வருஷத்துல அவ வேற ஆளா ஆயிட்டாளா?

வாளையார் வாத்தியார்:
தம்பி, இதுக்குப் போய் நியாயம் அநியாயம்னு பேச வேண்டியதில்ல. கோபாலபுரம் செக்போஸ்ட் தாண்டினா பொள்ளாச்சி. கோயமுத்தூரை மையமா போடுங்க, தமிழ் வந்துரும். எங்க எழுதினாலும் கேரளா கோட்டாவுக்கு ஒரு குறையும் வராது. இன்னொண்ணு, ப்ளஸ் டூவுல அவ படிக்கறதே இங்கிலீஷ் புத்தகம். நாளைக்கு எம்பிபிஎஸ்ஸும் அதுலதான். நான் கோச்சிங்ல பார்த்த வரைக்கும் தமிழ்த்தாள் கேட்டவங்க பாதிப் பேர் கடைசியில அதுலயே இருக்கற இங்கிலீஷ் பக்கத்தைத்தான் படிச்சிருக்காங்க.

எஸ்டேட் பையன், மூணாறு:
உங்களுக்குப் பொள்ளாச்சி பக்கம் சார். எங்களுக்கு? தமிழ்ல எழுதணும்னா போடிமெட்டு இறங்கித் தமிழ்நாட்டு மையத்துக்குப் போகணும். பகல் 1.30க்கு கேட்டை மூடிருவாங்க, அதனால முந்தின நாளே போய் ரூம் போடணும். கூட ஒரு ஆள் வரணும், அவங்களுக்குத் தோட்டத்துல ரெண்டு நாள் கூலி போச்சு. மலையாளத்துல எழுதற பக்கத்து லைன் வீட்டுப் பையன் கேரளாவுக்குள்ளயே எழுதிட்டு வர்றான். பரீட்சை ஒண்ணுதான், செலவு ஒண்ணா?

கொழிஞ்சாம்பாறைக்காரன்:
வாத்தியாரே, பாதிப் பேர் இங்கிலீஷ் பக்கம் படிச்சாங்கன்னா மீதிப் பாதி? 180 கேள்வி, 180 நிமிஷம். அவளுக்கு மைட்டோசிஸ், ஆஸ்மாசிஸ் எல்லாம் இங்கிலீஷ்லயே தெரியும். தடுமாறறது கூற்று-காரணம் கேள்வியில. "கீழ்க்கண்டவற்றில் எது தவறானது"ன்னு நாலு நீள வாக்கியம் வந்தா, இங்கிலீஷ்ல மூணு தடவை படிக்கறா. விடை தெரிஞ்சே மைனஸ் ஒண்ணு வாங்கறா. அங்க சோதிக்கறது பயாலஜியையா, படிக்கற வேகத்தையா?

வாளையார் வாத்தியார்:
தமிழ்த்தாளை நம்பி இறங்கறதும் ஆபத்துதான். 2018ல 49 கேள்வியில மொழிபெயர்ப்புத் தப்பு. மதுரைக் கிளை 196 மார்க் கருணை மதிப்பெண் குடுக்கச் சொல்லுச்சு, சுப்ரீம் கோர்ட் அதை ரத்து பண்ணிருச்சு. மொழிபெயர்ப்புல சந்தேகம்னா இங்கிலீஷ் வாசகமே இறுதின்னு விதி இருக்கு.

மெரிட் மட்டும்:
எல்லாத்துக்கும் சலுகை கேட்டா அப்புறம் பொதுத்தேர்வு எதுக்கு? கேரளாவுல எஸ்எஸ்எல்சி தேர்ச்சி 99 சதவீதத்துக்கு மேல. அந்த மார்க்கை வெச்சு யாரை டாக்டராக்குவீங்க? ஸ்டேட், சிபிஎஸ்இ மார்க்கை ஒண்ணா அளக்கப் போய் 2025 கீம்ல, அதான் கேரளா இன்ஜினியரிங் நுழைவுத் தேர்வுல, என்ன ஆச்சு? கடைசி நேரத்துல ஃபார்முலாவை மாத்தினாங்க, ஹைகோர்ட் செல்லாதுன்னுச்சு, ரேங்க் லிஸ்ட்டையே திருப்பிப் போட்டாங்க. ஒரே தாள், ஒரே அளவுகோல். அதுதான் ஏழைப் பிள்ளைக்கும் பாதுகாப்பு. நீட்டுக்கு முன்னாடி தனியார் காலேஜ்ல கேப்பிட்டேஷன் நன்கொடை எவ்வளவு ஓடுச்சுன்னு மறந்துட்டீங்களா?

எஸ்டேட் பையன், மூணாறு:
யாரு சலுகை கேட்டது? அதே தாளைத்தான் கேக்கறோம், எங்க ஊர்ப் பக்கத்துல குடுன்னு கேக்கறோம். சலுகைன்னா தமிழ்நாட்டுல அரசுப் பள்ளிப் பிள்ளைங்களுக்கு மெடிக்கல் சீட்டுல 2020ல வந்த 7.5 சதவீத ஒதுக்கீடு. ஆறாவதுலருந்து அங்கயே படிச்சிருக்கணும், அதனால அது எங்களுக்குக் கிடையாது. அந்தப் பக்கம் போனா கேரளாக்காரன், இந்தப் பக்கம் வந்தா 'பாண்டி'ன்னு தமிழனைக் கேலி பண்ற பேரு.

நகரிக்காரர்:
ஆந்திராவுலயும் இதே கதைதாங்க. இங்க மையம் போட்டா தெலுங்கு வரும், தமிழ் வராது. திருத்தணி பக்கத்துல இருக்கறதால யாரும் வாயைத் திறக்கறதில்ல.

வாளையார் வாத்தியார்:
நடைமுறையையும் பாருங்க. சீல் வெச்ச வினாத்தாள் கட்டு. ஒரு மையத்துல பத்துப் பேருக்காகத் தனிக்கட்டு அனுப்பினா, அது ஒவ்வொண்ணும் லீக் ஆகறதுக்கு ஒரு வழி. 2024ல நீட் வினாத்தாள் லீக் ஆனதுக்கு அப்புறம் இதை யாரும் லேசா எடுத்துக்க முடியாது.

கொழிஞ்சாம்பாறைக்காரன்:
அப்ப இன்ஜினியரிங்குக்கான ஜேஇஇ மெயின் ஏன் அப்படி இருக்கு? அது கம்ப்யூட்டர்ல நடக்கற பரீட்சை. காகிதம் இல்ல, கட்டு இல்ல, சீல் இல்ல. அதுலயும் தமிழ் அதே மூணு இடத்துலதான். திரையில ஒரு மொழியைக் காட்ட எந்த லாரி வேணும்?

மெரிட் மட்டும்:
அதுக்கு அவங்க சாஃப்ட்வேர்ல ஏதாவது காரணம் இருக்கும்.

கொழிஞ்சாம்பாறைக்காரன்:
உருதுவை நாடு முழுக்கக் காட்டற சாஃப்ட்வேர்ங்க அது.

வாளையார் வாத்தியார்:
சரி, ஜேஇஇக்கு என்கிட்ட பதில் இல்ல. ஆனா இந்த வருஷம் விதி மாறப் போறதில்ல. பொண்ணுக்குக் கோயமுத்தூர் போடுங்க. மொழியைக் குடுக்கறதுக்கு முன்னாடி பழைய தமிழ்த்தாள் ரெண்டை நேரம் வெச்சு எழுத வெச்சுப் பாருங்க.

நகரிக்காரர்:
மனு போடறதா இருந்தா பாலக்காட்டை மட்டும் எழுதாதீங்க. நகரி, மூணாறு, பெங்களூரு எல்லாத்தையும் சேர்த்து எழுதுங்க. எங்க பக்கம் கையெழுத்து நான் வாங்கித் தர்றேன்.